நான் உண்டாக்கிய தாயும் தகப்பனும்

அவன் செத்துப் பன்னிரண்டாம் நாள் அவனுடைய மகள் எனக்கு டெலிபோன் எடுத்தாள். நான் பஸ்ஸில் நின்றுகொண்டிருந்தேன். பாதி இருக்கைகள் காலி; ஆனாலும் நின்றுகொண்டுதான் இருந்தேன். ஐம்பத்து மூன்று வயதிலும் எனக்குள் உட்காரப் பழகாத ஒருவன் இருக்கிறான்.

“மாமா, நான் அப்பான்ட மகள் கதைக்கிறன்.”

எந்த அப்பா என்று நான் கேட்கவில்லை. கடைசியாக அந்தக் குரலைக் கேட்டபோது அதற்குப் பதினைந்து வயது. இப்போது இருபத்தாறு. இடையில் பதினொரு வருடம் அவள் தகப்பனும் நானும் பேசிக்கொள்ளவில்லை.

“முப்பத்தொண்டுக்குக் கல்வெட்டு அடிக்கவேணும். நீங்கள்தான் எழுதவேணுமெண்டு அம்மா சொல்லுறா. அப்பப்பா, அப்பம்மாவைப் பற்றிப் பேரும் அப்பா சொன்ன கதையளும் தவிர எங்களுக்கு ஒண்டும் தெரியாது. உங்களுக்குத் தெரியுமாமே?”

“ஓம்,” என்றேன்.

“பேந்து இன்னொண்டு, மாமா. ஜூலையில நானும் அம்மாவும் ஊருக்குப் போறம். டிக்கெட் எல்லாம் போட்டாச்சு. அப்பான்ட சாம்பலை அப்பப்பா வீட்டுக்கு முன்னால இருக்கிற கடல்லதான் கரைக்கப்போறம். அந்த வீடு எங்கையெண்டு ஒரு மாப் கீறித் தருவீங்களோ?”

பஸ் குலுங்கியது. கம்பியைப் பிடித்துக்கொண்டேன். அந்தக் கடற்கரையில் அப்படி ஒரு வீடு இல்லை. இருந்ததும் இல்லை. அவளுடைய அப்பப்பாவும் அப்பம்மாவும் இந்தப் பூமியில் ஒரு நாளும் மூச்சு விட்டதில்லை. அவர்களை நான்தான் உண்டாக்கினேன், ஒரு திங்கட்கிழமை பின்னேரம், தக்காளித் தகரப் பேணிகள் வந்த மட்டைப் பெட்டியின் மூடியில். அது தெரிந்தவர்கள் இரண்டு பேர். அதில் ஒருவன் பன்னிரண்டு நாளுக்கு முன் செத்துப்போனான்.

எங்கள் ஆட்களில் ஒருவர் இறந்தால், முப்பத்தோராம் நாள் வருகிறவர்களுக்குச் சாப்பாட்டோடு ஒரு சின்னப் புத்தகமும் கொடுப்போம். கல்வெட்டு என்பது அதன் பெயர். வழவழப்பான தாளில் முதலில் படம், பிறகு தேவாரம், பிறகு வம்சம்: இன்ன ஊரில் இன்னாருக்கும் இன்னாருக்கும் மகனாக வந்து பிறந்து என்று தொடங்கும். கடைசிப் பக்கத்தில் யார் யாருக்குப் பிள்ளை என்று மரம் போல ஒரு படம். மொன்ட்ரியாலில் இதுவரை நாற்பதுக்கு மேல் எழுதியிருக்கிறேன். என் கவிதை ஒன்றைக்கூட வாசிக்காத சனம் என் கல்வெட்டுகளை வாசித்திருக்கிறது. மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டு முதலில் புரட்டுவது வம்சத்தைத்தான். எந்த இடம், ஆற்றை ஆக்கள், அதாவது யாருடைய ஆட்கள். செத்தவன் எப்படி வாழ்ந்தான் என்பது பிறகு, நேரம் இருந்தால்.

அவனும் நானும் இருபத்தைந்தை எட்டாத வயதில் பார்க் எக்ஸ்டென்ஷனில் ஓர் அறையில் இருந்தோம். ஒரு மெத்தை. ஒரு திறப்பு, கதவுப் பூட்டுக்கு அந்த ஒரே சாவிதான்; இரண்டாவது திறப்புத் தர வீட்டுக்காரனுக்கு மனமில்லை. இருவருக்கும் வேலை டவுன்டவுனில் ஒரு கிரேக்கச் சாப்பாட்டுக் கடையில். அவன் இரவில் கடையைக் கழுவுகிறவன், நான் பகலில் உருளைக்கிழங்கு உரிக்கிறவன். காலை ஏழு மணிக்குக் கடையின் பின்கதவால் அவன் வெளியே வருவான், நான் உள்ளே போவேன். திறப்பு என் கையிலிருந்து அவன் கைக்குப் போகும். மாலையில் எங்கள் அறை வாசலில் அது திரும்பி வரும். அந்த மெத்தை ஒரு நாளும் ஆறியதில்லை. நான் படுக்கும்போது அதில் அவனுடைய சூடு இருக்கும், அவன் படுக்கும்போது என்னுடையது.

அந்தக் கடையில் ஒரு சமையற்காரி இருந்தாள். ஏதோ ஒரு தீவிலிருந்து வந்தவள், எங்களைவிட நாலைந்து வயது கூட, மேற்பல் ஒன்று தங்கம். பாதியைப் பிரெஞ்சிலும் பாதியை ஆங்கிலத்திலும் கதைப்பாள், மிச்சத்தைக் கரண்டியால். பின்கதவில் திறப்பு கைமாறுவதை நாள்தோறும் பார்த்துக்கொண்டிருந்தவள் ஒரு காலை சிரிக்கத் தொடங்கினாள்.

“உங்களைப்போல எங்களிடம் இரண்டு பேர் இருக்கிறார்கள். நிக்ஸ், ஹெமேரா. இரவும் பகலும். இரண்டு பேருக்கும் ஒரே வீடு. ஒருத்தி உள்ளே வர மற்றவள் வெளியே போவாள். வாசலில் ஒரு வணக்கம், அவ்வளவுதான். அந்த வீடு இரண்டு பேரையும் சேர்த்து ஒரு நாளும் கண்டதில்லை.”

“அந்த வீட்டை ஆர் கூட்டுறது?” என்று அவன் கேட்டதை நான் அவளுக்கு மொழிபெயர்த்தேன்.

“நீதான். இரவு கூட்டும், பகல் குப்பை போடும்.”

அன்றிலிருந்து அவனுக்கு இரவு என்று பெயர், எனக்குப் பகல். வேலை மாறுகிற அந்தப் பத்து நிமிடத்தில், வெங்காயம் வெட்டிக்கொண்டே, அவள் உலகம் உண்டான கதையைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னாள். முதலில் என்ன இருந்தது தெரியுமா என்று கேட்டாள். அவன் ஈரத் துடைப்பத்தோடு நின்றான். அவள் கத்தியை வைத்துவிட்டு வாயை எவ்வளவு திறக்க முடியுமோ அவ்வளவு திறந்து காட்டினாள். தங்கப் பல்லும் உள்நாக்கும் அதற்கப்பால் இருட்டும் தெரிந்தன.

“இதுதான். காவோஸ். குழப்பம் என்று பள்ளிக்கூடத்தில் சொல்லிக்கொடுப்பார்கள், நம்பாதே. வெறும் பிளவு. ஒரு சொல்லும் வராத வாய்.”

பிறகு காயா வந்தாளாம், அகன்ற மார்புள்ள நிலம். அவளுக்கு அடியில் தார்த்தரோஸ், அடியே இல்லாத குழி. பிறகு ஈரோஸ், கைகால்களை இளகச் செய்கிற ஆசை. பிளவிலிருந்து இருட்டும் இரவும் வந்தன. நிலம் யாரோடும் சேராமல் தனியாகவே வானத்தைப் பெற்றாளாம், தன் அளவாகவே, தன்னை முழுக்க மூடும்படி.

“தகப்பன் இல்லாமலா?” என்றேன்.

“ஏன், நீ இமிக்ரேஷன் ஒபிசரா?”

அவன் துடைப்பத்தில் சாய்ந்து, கண்ணில் நீர் வருமட்டும் சிரித்தான். சிரிப்பு ஓய்ந்த பிறகு என்னைப் பார்த்துத் தமிழில் சொன்னான்: “பார் மச்சான், நிலத்திட்டை ஒருத்தரும் எந்த இடம், ஆற்றை பிள்ளையெண்டு கேக்கேல்ல.”

பகிடி என்று நினைத்தேன். திறப்பைக் கொடுத்துவிட்டு உருளைக்கிழங்கு மூட்டையை அவிழ்க்கப் போனேன்.

கடைக்குத் திங்கட்கிழமை விடுமுறை. அன்று மட்டும் இருவரும் ஒரே நேரத்தில் அறையில் இருப்போம், என்ன செய்வதென்று தெரியாமல். ஒருவருக்கொருவர் விருந்தாளி போல. அப்படி ஒரு திங்கட்கிழமைதான் அவன் சொன்னான். கோயிலில் ஒரு பெண்ணைக் கண்டதையும் அவளுக்கும் விருப்பம் என்பதையும் எனக்கு முன்பே சொல்லியிருந்தான். இப்போது அவளுடைய தமையன் வந்து விசாரித்திருக்கிறார். எந்த இடம், தகப்பன் ஆர், தாய் ஆற்றை ஆக்கள்.

“என்ன சொன்னனீ?”

“பேந்து சொல்லுறனெண்டு சொன்னன்.” மெத்தையின் ஓரத்தில் இருந்து நூல் ஒன்றை இழுத்துக்கொண்டிருந்தான். “எனக்கு முன்னால ஒண்டும் இல்லை மச்சான். ஆரோ என்னை ஒரு அநாதை விடுதி வாசல்ல வைச்சிட்டுப் போனவையாம். ஒரு துவாயில சுத்தி. பேரும் அங்கை வைச்சதுதான்.”

இரண்டு வருடம் அவனுடைய சூட்டில் நித்திரை கொண்டவன் நான். அன்றைக்குத்தான் தெரியும்.

எனக்குக் கவிதைத் திமிர் உச்சத்தில் இருந்த காலம். சொல்லால் முடியாதது ஏதும் இல்லை என்று நம்பினேன். கடையிலிருந்து கொண்டுவந்த பெட்டியின் மூடியைக் கிழித்து முழங்காலில் வைத்தேன். தகப்பனுக்கு என்னுடைய கணக்கு வாத்தியாரின் பெயர். தாய்க்குத் தபால் கந்தோரில் முத்திரை குத்துகிற அம்மாவின் பெயர். அவர் கைவிரல்கள் எனக்குப் பிடிக்கும். ஊருக்கு, சண்டையில் சனம் முழுக்க இடம்பெயர்ந்து வெறுமையாய்ப் போன ஒரு கடற்கரையைத் தேர்ந்தெடுத்தேன். அங்கே போய்ச் சாட்சி கேட்க ஒரு ஆளும் இல்லை. இருவரும் காலமானவர்கள் என்று போட்டேன். அரை மணி நேரம் ஆகவில்லை.

அவன் மூடியை வாங்கி இரண்டு தரம் வாசித்தான். “அம்மான்ட பேர் வடிவாக் கிடக்கு,” என்றான். அப்படித்தான் சொன்னான், அம்மாவின் பெயர் என்று.

கலியாணக் கார்டில் அந்தப் பெயர்கள் அமரர் என்ற சொல்லோடு அச்சாகி வந்தன. மணவறைக்கு முன்னால் வெறுமையாய் இரண்டு கதிரை விட்டிருந்தார்கள். அவன் செயின்ட்-மிஷேலுக்கு வீடு மாறினான். மெத்தை முழுவதும் எனக்குக் கிடைத்தது. அதற்குப் பிறகு அதில் எனக்கு நித்திரை வரவில்லை, நடக்கத் தொடங்கினேன். அந்த நடை இன்னும் முடியவில்லை. எட்டு வீடு மாறிவிட்டேன், கலியாணம் ஒன்று அரை வழியில் நின்றுபோனது, பிள்ளை இல்லை.

அவன் வீட்டில் அந்தத் தகப்பன் வளர்ந்தார். முதலில் சின்னக் கடை வைத்திருந்தவர், சில வருடத்தில் சுருட்டு வியாபாரி ஆனார். பிறகு இரண்டு வள்ளங்கள் வந்தன. பிறகு ஊர்ப் பள்ளிக்கூடத்துக்குக் கிணறு வெட்டிக் கொடுத்தார். வானம் நிலத்தின் மேல் படுத்த கதையைச் சமையற்காரி சொல்லியிருக்கிறாள்: வானமான உரானோஸ் விலகவே இல்லையாம், பிறந்த பிள்ளைகளை வெளிச்சம் காண விடாமல் வந்த வயிற்றுக்குள்ளேயே திரும்பத் தள்ளிக்கொண்டிருந்தானாம். எங்கள் பெட்டிமூடித் தகப்பனும் அப்படி அந்த வீட்டின் மேல் படர்ந்தார். துவாயில் சுற்றிய அந்தக் குழந்தை அதற்குப் பிறகு ஒரு தரமும் வெளியே வரவில்லை.

மகளின் பதினைந்தாவது பிறந்தநாளுக்கு ஒரு ஹோல் வாடகைக்கு எடுத்திருந்தான். கேக் வெட்டி முடிந்து ஆண்கள் ஒரு மேசையில் கூடியிருந்தோம். அவன் சொல்லிக்கொண்டிருந்தான்: “எங்கட அப்பர் கரையில நிண்டு ஒரு சத்தம் போட்டாரெண்டால் கடலே நிண்டு கேக்கும்.”

நான் சிரித்துவிட்டேன். ஒரு சொல்லும் சொல்லவில்லை, வெறும் சிரிப்பு. ஆனால் மேசை அடங்கிய நேரத்தில் விழுந்த சிரிப்பு.

“என்னடா?” என்றான்.

“ஒண்டுமில்லை.”

அடுத்த நாள் டெலிபோன் எடுத்தேன், அவன் தூக்கவில்லை. அடுத்த கிழமையும். பிறகு நானும் விட்டுவிட்டேன். கோபக்காரன், ஆறட்டும் என்று நினைத்தேன். பனி கொட்டிய ஒரு நாள் பஸ் தரிப்பில் அவனைக் கண்டேன். அவனும் கண்டான். கண்டவுடன் திரும்பி, கம்பத்தில் ஒட்டியிருந்த நேர அட்டவணையை வாசிக்கத் தொடங்கினான், பஸ் வருமட்டும். அவனுடைய செத்தவீட்டில் பின்வரிசையில் நின்றேன். அவனுடைய மைத்துனர், அன்று எந்த இடம் என்று விசாரித்த அதே தமையன், ஒலிவாங்கியில் அந்தக் கணக்கு வாத்தியாரின் பெயரையும் தபால் கந்தோர் அம்மாவின் பெயரையும் சொன்னபோது நான் குனிந்து சப்பாத்துக் கயிற்றை அவிழ்த்துக் கட்டினேன்.

மகள் டெலிபோன் எடுத்த பிறகு மூன்று நாள் எழுதிப் பார்த்தேன். வீட்டில் முடியவில்லை, நூலகத்துக்குப் போனேன். கிரேக்கத் தெய்வங்களைப் பற்றிய பிரெஞ்சுப் புத்தகம் ஒன்றைத் தட்டில் கண்டு எடுத்தேன். முதற்பக்கத்தில் வம்ச மரம், எங்கள் கல்வெட்டின் கடைசிப் பக்கம் போல. உச்சியில் காவோஸ். அதற்கு மேல் கோடு இல்லை. யாரும் அதை மறைக்கவும் இல்லை. இரவு தன்னந்தனியாகப் பெற்ற பிள்ளைகளின் வரிசையை விரலால் தொட்டுக்கொண்டே போனேன்: சாவு, நித்திரை, கனவுகள், பழிச்சொல், துயரம். இன்னும் கீழே ஏமாற்றும் சிநேகமும் அடுத்தடுத்து இருந்தன, ஒரே வயிற்றில் பிறந்து. புத்தகத்தை மூடிவிட்டு வெளியே வந்து நாலு தெரு நடந்தேன்.

அன்றைக்கே மைத்துனரும் கூப்பிட்டார். “தம்பி, வம்சத்தைக் கொஞ்சம் நீட்டி எழுதும். எங்கட பக்கம் ஒண்டரைப் பக்கம் வருது. அவர்ட பக்கம் ரெண்டு வரியெண்டால் பாக்கிற சனம் என்ன நினைக்கும்?”

ஒன்றரைப் பக்கம் எழுத எனக்கு ஒரு பகல் போதும். அதுதான் பயமாக இருந்தது. நான் எழுதினால் அவள் அதைக் கையில் வைத்துக்கொண்டு, ஜூலை வெயிலில், ஒரு சட்டி சாம்பலோடு, தெரியாத கடற்கரையில் வீடு வீடாய் விசாரிப்பாள். எழுதாவிட்டால் அவளிடமிருந்து இரண்டு பேரைப் பறிக்கவேண்டும், தகப்பனைப் பறிகொடுத்த அதே மாதத்தில்.

ஞாயிறு மத்தியானம் மொன்ட்ரியால்-நோரில் மகளும் தாயும் இருக்கிற வீட்டுக்குப் போனேன். மூன்றாம் மாடி. தாய் கோயிலுக்குப் போயிருந்தார். அவள் கார்டெரி என்கிற குழந்தைகள் காப்பகத்தில் சின்னப் பிள்ளைகளைப் பார்க்கிறவள். மேசை முழுவதும் நிறப் பேனைகள், பசை, முனை மழுங்கின கத்தரிக்கோல். நடுவில் பெரிய மட்டை ஒன்று விரித்திருந்தது.

“இருங்கோ மாமா. என்ட கிளாஸ் பிள்ளையள் மாதிரி நிண்டுகொண்டே கதைக்காதேங்கோ.”

இருந்தேன். மட்டையில் அவளே மரம் கீறியிருந்தாள். அடியில் அவள். தாயின் பக்கம் வட்டங்கள் வாழைக்குலை போல் நெருங்கிக் கிடந்தன. தகப்பனுக்கு மேலே இரண்டே இரண்டு வட்டம், நான் வைத்த பெயர்கள், குழந்தை எழுத்தில். அவற்றுக்கு மேலே நாலு வெறும் வட்டம், ஒவ்வொன்றிலும் ஒரு கேள்விக்குறி.

“இதுக்கு மேல ஆர்? அப்பப்பான்ட அப்பா ஆர், மாமா?”

நாலு பெயர்கள் நாக்குக்கு வந்துவிட்டன. உண்மையாகவே வந்தன, தொழிலோடு. நல்ல பெயர்கள்.

“மேல ஒருத்தரும் இல்லை, பிள்ளை.”

“உங்களுக்கும் தெரியாதா?”

“இல்லை. இந்த ரெண்டு பேருமே இல்லை. நான் உண்டாக்கின ஆக்கள்.”

“சும்மா பகிடி விடாதேங்கோ.”

சொன்னேன். துவாயை, விடுதி வாசலை, திங்கட்கிழமையை, பெட்டி மூடியை. அவள் பேனை மூடியைக் கழற்றினாள், பூட்டினாள், கழற்றினாள். சொல்லி முடிந்த பிறகும் அந்தச் சத்தம் கொஞ்ச நேரம் கேட்டது.

“அப்பா அதை நம்பினவரா?”

“கடைசியில நம்பினவரெண்டுதான் நினைக்கிறன்.”

“அண்டைக்கு ஹோலில நீங்கள் சிரிச்சது இதுக்கா?”

“ஓம்.”

“அப்பா வீட்ட வந்து சப்பாத்தும் கழட்டாமல் பாத்ரூமுக்குள்ள இருந்தவர். என்ட கேக்கைப் பாத்து நீங்கள் சிரிச்சிட்டீங்களாக்கும், அதுதான் கோவமெண்டு நான் நினைச்சன்.” மூக்கை உறிஞ்சினாள். “பதினொரு வருசம். நீங்கள் வந்து ஒருக்காக் கதவைத் தட்டேல்ல.”

“அவரும் ஒரு போன் எடுக்கேல்ல, பிள்ளை.”

“அவர் என்னண்டு எடுப்பார்? நீங்கள் வாயைத் திறந்தால் அவருக்கு அம்மா அப்பா இல்லாமல் போயிடுமே.”

நேர அட்டவணையை வாசித்துக்கொண்டிருந்த அந்த முதுகு எனக்குத் தெரிந்தது. கோபம் என்று பதினொரு வருடம் நினைத்திருந்தேன். அவன் என்னைக் கண்டு பயந்திருந்தான்.

அவள் எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தாள். முகம் கழுவியிருந்தாள்.

“நல்லவேளை. நான் அங்கை போய் நிண்டு ஆற்றை பேரைச் சொல்லி விசாரிச்சிருப்பன்?”

“நான் இதைச் சொல்லாமல் விட்டிருக்கலாம்.”

“விட்டிருக்கலாம்தான்,” என்றாள். ஆறுதல் சொல்கிற குரல் இல்லை. “அம்மாக்கு நான் சொல்லுவன். நீங்கள் ஒண்டும் சொல்லாதேங்கோ. பெரிய மாமாட்டையும்.”

“கல்வெட்டு?”

“அப்பாவில இருந்து துவங்குங்கோ.”

கத்தரிக்கோலை எடுத்தாள். அந்த மழுங்கின கத்தரிக்கோலுக்கு மட்டை தடிப்பு; இழுத்து இழுத்து வெட்டினாள். தகப்பனின் வட்டத்துக்குச் சற்று மேலே, மட்டையின் ஓரத்திலிருந்து தொடங்கி, தாயின் ஆட்கள் தொடங்குகிற இடத்தில் மேல்நோக்கித் திருப்பி. வெட்டின துண்டை என்னிடம் நீட்டினாள்.

“இது உங்கட ஆக்கள். கொண்டுபோங்கோ.”

பின்னேரம் கூட்டிப்போக வருகிற தாய்மாரிடம் பிள்ளை மறந்துவிட்ட கையுறையைக் கொடுக்கிற மாதிரிக் கொடுத்தாள். கோபம் இல்லை. திரும்பி வாங்கோ என்றும் சொல்லவில்லை. கதவு வரைக்கும் வந்தாள், படியில் ஐஸ் கிடக்கு, பார்த்து இறங்குங்கோ என்றாள்.

மட்டை மடிய மறுத்தது. காற்றுக்கு எதிராக நெஞ்சோடு அணைத்துக்கொண்டு பஸ் தரிப்புவரை நடந்தேன். பஸ்ஸில் பக்கத்தில் இருந்த ஹெய்ட்டிக்காரப் பெண் எட்டிப் பார்த்துவிட்டு, உங்கள் பெற்றோரா என்று பிரெஞ்சில் கேட்டாள்.

“இல்லை,” என்றேன். “என் பிள்ளைகள்.”

நாலு கேள்விக்குறிகளையும் அவள் மரியாதையாகப் பார்த்துத் தலையாட்டினாள்.

வீட்டில் வெளிச்சம் இன்னும் இருந்தது. துண்டை எங்கே வைப்பதென்று தெரியாமல் கொஞ்ச நேரம் கையில் வைத்துக்கொண்டு அறைக்கு அறை நடந்தேன். குசினி மேசையில் எனக்கு எதிர்க் கதிரையில் சாய்த்து வைத்தேன், அங்கே ஒருவரும் இருப்பதில்லை. கணக்கு வாத்தியாரின் பெயரும் தபால் கந்தோர் அம்மாவின் பெயரும் என்னைப் பார்த்துக்கொண்டு இருந்தன. அவர்களுக்கு இனி ஒரு மகன் இல்லை, பேத்தி இல்லை, ஊர் இல்லை. உலகத்தில் என்னைத் தவிர ஒரு சொந்தமும் இல்லை.

தாளை எடுத்தேன். அவனுடைய பெயரை மேலே எழுதினேன். அதன் கீழே, பிறந்தான், என்று எழுதினேன். யாருக்கு என்று எழுதவில்லை. அடுத்த வரிக்குப் போனேன்.